திகம்பரன் திருமுன் புத்தாடை



தீபாவளி வைகறையில் நம் இல்லந்தோறும் நிகழும் ஒரு காட்சியைச் சற்றே நின்று நோக்குமாறு வேண்டுகிறோம். பகவான் மகாவீரர் பாவாபுரியில் வீடுபேறு எய்திய திருநாள் அது. இல்லத்தோர் அனைவரும் நீராடி, ஓரத்தில் மஞ்சள் தொட்ட புத்தாடை உடுத்தி, ஜினாலயம் சென்று, தீபமேற்றி வணங்குகிறோம். நாம் வணங்கும் திருவுருவமோ ஓர் இழை நூலும் அற்றது. திசைகளையே ஆடையாகக் கொண்ட பெருமானின் திருமுன், கடைக்காரர் குத்திய குண்டூசியைக்கூட முழுதும் அகற்றாத அவசரத்தோடு நாம் நிற்கிறோம்.

இதனைக் குற்றமென்று கூற வரவில்லை. இல்லறத்தானுக்கு ஆடை வேண்டும். துறவறத்தின் வாயிலில் நிற்பவர்க்கும் ஆடை உண்டு. பதினொரு நிலைகளுள் இறுதி நிலையில் உள்ள க்ஷுல்லகர் கோவணமும் ஒரு மேல்துண்டும் உடையவர். ஐலகர் கோவணம் மட்டுமே உடையவர். ஆர்யிகை அன்னையர்க்கு ஒரே வெண்சேலை. முனிவர்க்கு அதுவும் இல்லை. நம் சமயத்தில் ஒருவர் ஏறியுள்ள படியை அவர் விட்ட ஆடையின் அளவைக் கொண்டே கண்டுகொள்ளலாம். அப்படிகளின் அடியில் நிற்கும் நமக்கு எத்தகைய ஆடை தகும், எத்தனை தகும் என்பது கேட்கத்தக்க வினாவே. நெடுங்காலம் நாம் இதனைக் கேட்டதில்லை. சென்ற தை மாதத்தில் எம் குடும்பத்துப் பெண்ணொருத்தி கேட்கவைத்தாள்.

அவள் எம் தமையனாரின் பேத்தி, பெங்களூரில் பணிபுரிபவள். திருமணம் உறுதியாயிற்று. முகூர்த்தப் புடவை எடுக்கக் காஞ்சிபுரம் செல்வதற்கு வண்டியும் பேசியாயிற்று. புறப்படும் முதல்நாள் மாலை, கதிரவன் மறையுமுன் அனைவரும் உண்டு முடித்துத் திண்ணையில் அமர்ந்திருந்தபோது, அவள் எம்மை நோக்கி, "சின்னத் தாத்தா, நாம் இருட்டிய பின் சாப்பிடாதது எதற்காக?" என்றாள்.

"விளக்கொளிக்கு வரும் பூச்சிகள் உணவில் விழுந்து மடியும். கண்ணுக்குப் புலப்படாத உயிர்களும் உண்டு. அதற்காகத்தான் அம்மா" என்றோம். சிறு வயதில் அவளுக்கு நாமே கற்பித்த பாடம் அது.

"பட்டுப்பூச்சி அந்தப் பூச்சிகளில் சேராதா தாத்தா?" என்றாள்.

திண்ணையில் இருந்தோர் எண்மர். ஒருவரும் விடை கூறவில்லை. எம் அண்ணியார் மட்டும், "நல்ல நாளும் அதுவுமாக இதென்ன பேச்சு?" என்று எழுந்து உள்ளே சென்றார். அப்பெண் அடங்கிய குரலில், "எனக்குப் பட்டு வேண்டாம் தாத்தா, கோபித்துக்கொள்ளாதீர்கள்" என்றாள்.

அவளுடைய வினாவைத் தட்டிக்கழிக்க நாம் முயன்றோம் என்பதை ஒப்புக்கொள்கிறோம். அன்றிரவு உறக்கம் வாராமல், தெரிந்த செய்திகளைக் கொண்டு ஒரு கணக்கிட்டுப் பார்த்தோம். முசுக்கொட்டை இலை தின்னும் பட்டுப்புழு ஏறத்தாழ 4 வாரங்கள் வளர்ந்து, 3 நாள்களில் தன்னைச் சுற்றி ஒரே இழையால் கூடு பின்னுகிறது. விட்டுவிட்டால், அடுத்த பத்துப் பன்னிரண்டு நாள்களில் அந்துப்பூச்சியாகிக் கூட்டைத் துளைத்து வெளிவரும். துளைத்தால் இழை அறும். அறுந்த இழையை நீளமாக இழுத்துச் சுற்ற இயலாது. ஆதலால் வெளிவருமுன்னரே நீராவியாலோ வெப்பக் காற்றாலோ வெயிலாலோ உள்ளிருக்கும் உயிரைக் கொன்று, பின் கூட்டை வெந்நீரிலிட்டு இழை பிரிக்கின்றனர். ஒரு கிலோ கச்சாப்பட்டுக்கு 6 முதல் 8 கிலோ கூடுகள் வேண்டும். ஒரு கூட்டின் எடை ஒன்றரை முதல் 2 கிராம். வகுத்துப் பார்த்தால், கிலோ ஒன்றுக்கு 3,000 முதல் 5,000 உயிர்கள். அரைக் கிலோ பட்டுள்ள முகூர்த்தப் புடவை ஒன்றில் 1,500க்குக் குறையாத உயிர்கள்.

நாடு முழுமைக்கும் இதே கணக்கைப் போடுவோமானால் அச்சம் தோன்றும். 2023-24ஆம் ஆண்டில் பாரதத்தின் கச்சாப்பட்டு உற்பத்தி ஏறத்தாழ 38,900 டன். அதில் முக்கால் பங்குக்கு மேல் முசுக்கொட்டைப் பட்டு. அப்பகுதியை மட்டும் கொண்டாலும் ஓராண்டுக்கு 8,700 கோடிக்குக் குறையாத உயிர்கள். பட்டு உற்பத்தியில் உலகில் நாம் இரண்டாமிடம், நுகர்வில் முதலிடம். அகிம்சையை உலகுக்கு ஈந்த நாடு என்று மேடைதோறும் நாம் பெருமை பேசும் நாட்டின் கணக்கு இது.

இல்லறத்தானுக்குரிய கொல்லாமை அணுவிரதம் எல்லாத் துன்புறுத்தலையும் விலக்கச் சொல்லவில்லை என்பதை நாம் அறிவோம். உழவிலும் அடுப்படியிலும் வாணிகத்திலும் தற்காப்பிலும் நேரும் இம்சையைக் குறைக்கச் சொல்லிற்று. எண்ணித் துணிந்து செய்யும் சங்கல்ப இம்சையை மட்டும் முற்றிலும் விலக்கச் சொல்லிற்று. பட்டுக்காக நிகழும் கொலை இவற்றுள் எதில் அடங்கும்? உழுகையில் மண்புழு மடிகிறது. உழவன் அதனை நாடவில்லை. அது மடியாதிருப்பின் மகிழ்வான். கூட்டினுள் இருப்பது மடியாதிருப்பின் பட்டு நூற்பவனின் தொழிலே நடவாது. ஆகவே இது நேர்ந்துவிடும் கொலையன்று, வேண்டிச் செய்யும் கொலை. அதுவும் விட்டிலும் வண்டும் ஈயும் அடங்கிய நாலறிவுயிர் வரிசைக்கு உரிய ஓர் உயிரை. நாம் கொல்லவில்லையே, கடையில் வாங்குகிறோம் அத்தனைதானே எனின், செய்தல், செய்வித்தல், உடன்படல் என்று வினை மூவகையில் வந்தடையும் என நம் ஆசாரியர்கள் உரைத்தது எவருக்காக? புலால் மறுத்தல் அதிகாரத்தை நாம் பிறர்க்கு எடுத்துரைக்கும்போது, கொல்பவனுக்கும் வாங்குபவனுக்கும் உள்ள தொடர்பைத்தானே சான்றாகக் காட்டுகிறோம்? தட்டில் செல்லும் வாதம் தறியில் செல்லாதோ?

நம் சமயத்தார் அல்லாதோரும் இதனை எண்ணிப் பார்த்துள்ளனர். காஞ்சி மகாசுவாமிகள் தம் அடியார்களைப் பட்டு விலக்குமாறு பலமுறை அறிவுறுத்தியவர். பட்டு நெசவுக்குப் பெயர்பெற்ற ஊரின் பெயரைத் தாங்கிய மடத்தின் தலைவரே அவ்வாறு கூறினார் என்பது நோக்கத்தக்கது. ஜினகாஞ்சியாகிய திருப்பருத்திக்குன்றம் அதே ஊரின் ஒரு பகுதி. அதன் பெயரிலேயே பருத்தி இருப்பதை நாம் கண்டுகொண்டதில்லை. (பெயராராய்ச்சி செய்வோர் எம்மீது சினங்கொள்ள வேண்டா, வேடிக்கைக்காகவே கூறினோம்.)

மறுநாள் காலை அப்பெண்ணின் தந்தையார் ஓர் இடைவழி கூறினார். "அகிம்சைப் பட்டு" என்று ஒன்று உண்டாமே, அதனை எடுத்தால் இரு தரப்பும் நிறைவடையுமே என்றார். அதனையும் ஆராய்ந்தோம். ஆந்திர மாநிலக் கைத்தறித் துறையில் பணிபுரிந்த குசுமா ராஜையா என்பவர் 1990களில் முயன்று கண்ட முறை அது. பூச்சி வெளியேறிய பின் எஞ்சும் கூட்டிலிருந்து, பருத்தியை நூற்பதுபோல் நூற்றுப் பட்டிழை எடுப்பது. உழைப்பு மிகுதி, பளபளப்புக் குறைவு, விலை கூடுதல். அவருடைய கருணையை நாம் வணங்குகிறோம். ஆயினும் வினா அத்துடன் முடியவில்லை. நெடுங்காலம் மனிதன் வளர்த்துப் பழக்கிய அப்பூச்சிக்குச் சிறகிருந்தும் பறக்க இயலாது. வாயிருந்தும் உண்ண இயலாது. சில நாள்களில் மடியும். மடியுமுன் ஒவ்வொரு பெண்பூச்சியும் 300 முதல் 500 முட்டைகள் இடும். அத்தனையும் பொரித்து வந்தால் அவற்றுக்கு இலையிடுவார் யார்? இடாவிடில் பசியால் மடியும். ஒன்றை வாழவிட்டு அதன் மக்களைப் பட்டினியிடுவது எவ்வகைக் கருணை? வடகிழக்கு மாநிலங்களின் எரிப்பட்டில் கூட்டின் ஒரு முனை இயல்பாகவே திறந்திருப்பதால் கொல்ல வேண்டியதில்லை என்பர். உண்மையே, ஆனால் அப்பகுதிகளில் கூட்டினுள் இருக்கும் உயிர் உணவாகக் கொள்ளப்படுகிறது. "அகிம்சை" என்னும் சீட்டை ஒட்டியவுடன் நம் மனச்சான்று உறங்கிவிடுமாயின், அச்சீட்டு நமக்காக ஒட்டப்பட்டதேயன்றிப் பூச்சிக்காக அன்று.

ஆக, பேத்தியின் கட்சியே வென்றது. காஞ்சிபுரத்துக்குப் பேசிய வண்டி நின்றது.

இவ்வளவோடு முடிந்திருந்தால் இக்கட்டுரை எழுத நேர்ந்திராது. தோற்ற தரப்பில் இருந்த எம் அண்ணியார் எளிதில் விடுபவர் அல்லர். மூன்றாம் நாள் பெங்களூரிலிருந்து அப்பெண்ணின் உடைமைகள் வந்திறங்கின. ஐந்து பெட்டிகளில் நான்கு துணிப்பெட்டிகள். அண்ணியார் அவற்றைச் சுற்றி ஒரு முறை நடந்துவிட்டு, "புழுவைக் கொல்லக் கூடாது, சரி. இத்தனையும் எதற்கு? எண்ணிக் காட்டு" என்றார். பெண்ணும் நேர்மையுள்ளவள், அமர்ந்து எண்ணினாள். எழுபத்தாறு. அவற்றுள் ஒன்பதில் விலைச் சீட்டு இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. ஒன்றும் பட்டன்று, பெரும்பாலானவை ஆயிரம் ரூபாய்க்குட்பட்டவை, பாதிக்கு மேல் பாலியெஸ்டர் கலந்தவை. "மலிவாக இருந்தது பாட்டி" என்றாள். அண்ணியார் தம் வாழ்நாள் முழுதும் வாங்கிய சேலைகளின் எண்ணிக்கை அதற்கு அருகிலாவது வருமா என்று அன்று மாலை வரை விரல்விட்டுக் கொண்டிருந்தார்.

அவ்வெழுபத்தாறும் அவள் ஒருத்தியின் ஆசையால் மட்டும் சேர்ந்தவை அல்ல. நம் நாட்டின் துணிச்சந்தை முப்பது ஆண்டுகளில் கொண்ட மாற்றம் அப்பெட்டிகளில் மடித்து வைக்கப்பட்டிருந்தது. நம் இளமையில் ஆண்டுக்கு இருமுறை, தீபாவளிக்கும் பொங்கலுக்கும், துணி எடுத்துத் தையற்காரரிடம் கொடுப்போம். அண்ணனுக்குச் சிறுத்தது தம்பிக்கு. தம்பிக்குக் கிழிந்தது அடுப்படிக்கு. ஆயத்த ஆடை என்பது நகரத்தார் பொருள். 1991ஆம் ஆண்டில் பொருளாதாரக் கதவுகள் திறந்தன. மும்பையில் ஷாப்பர்ஸ் ஸ்டாப் தொடங்கியதும் அவ்வாண்டே. அதுவரை சிறுதொழிலுக்கென ஒதுக்கப்பட்டிருந்த ஆயத்த ஆடைத் தொழில் 2000ஆம் ஆண்டின் ஜவுளிக் கொள்கையால் பெருநிறுவனங்களுக்கும் திறந்துவிடப்பட்டது. 2005ஆம் ஆண்டின் தொடக்கத்தில் உலக ஜவுளி வாணிகத்தின் ஒதுக்கீட்டு முறை முடிவுற்றது. 2010இல் ஸ்பெயின் நாட்டு ஜாரா, 2015இல் சுவீடனின் எச் அண்டு எம், 2019இல் ஜப்பானின் யூனிக்லோ ஆகியவை தில்லியில் கால் வைத்தன. நம் நாட்டு டாட்டா குழுமத்தின் சூடியோ கடைகள் 2016 முதல் ஆயிரம் ரூபாய்க்குள் எல்லாம் என்னும் முறையைச் சிறு நகரங்கள் வரை கொண்டு சென்றன. 2007இல் தோன்றிய மிந்த்ரா போன்ற இணையக் கடைகள், கடைக்குச் செல்லும் அந்தச் சிறு களைப்பையும் நீக்கிவிட்டன. 2025 செப்டம்பர் 22 முதல் 2,500 ரூபாய் வரையுள்ள ஆடைகளுக்குச் சரக்கு சேவை வரி 5 விழுக்காடு ஆயிற்று.

இவற்றை அடுக்குவது பழித்தற்கன்று. பண்டிகைக்கும் ஒரு சட்டை வாங்க இயலாதிருந்த ஏழைத் தொழிலாளியின் மகன் இன்று நல்லுடை உடுத்திப் பள்ளி செல்கிறான் எனின் அது நன்மையே. மலிவு பாவமன்று. மலிவு நம்முள் எதனைக் கிளர்த்துகிறது என்பதே நாம் நோக்க வேண்டியது. முன்பு "தேவையா?" என்னும் வினாவை நமக்குப் பதிலாக நம் பையில் இருந்த பணம் கேட்டுக்கொண்டிருந்தது. இன்று பணம் அதனைக் கேட்பதில்லை. நாமே கேட்டாக வேண்டும். கேட்கும் பழக்கமோ நமக்கு இல்லை.

சமந்தபத்திர ஆசாரியரின் இரத்தினகரண்டக சிராவகாசாரத்தை அறிந்தோர் போகோபபோக பரிமாண விரதத்தை நினைவுகூர்வர். ஒருமுறை நுகர்ந்து கழிவது போகம். மீண்டும் மீண்டும் நுகர்வது உபபோகம். முன்னதற்கு உணவையும் பின்னதற்கு உடையையும் ஆசாரியர் எடுத்துக்காட்டினார். ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளாக இவ்வெடுத்துக்காட்டில் ஐயம் எழுந்ததில்லை. இன்றைய ஆடை வாணிகம் அந்த எல்லைக்கோட்டையே அழிக்க முயல்கிறது. ஒரு விழாவில் உடுத்திப் படமெடுத்துக் கொண்டது மறுவிழாவுக்கு ஆகாது என்னும் நாணத்தை இளையோர் உள்ளத்தில் விதைத்திருக்கிறது. உடை உணவாகிவிட்டது; உபபோகம் போகமாகிவிட்டது. பசி மட்டும் தீர்வதில்லை.

அதே நூல், நுகர்ச்சியை அளவிடும் காலத்தையும் வகுத்துரைக்கிறது. இன்று, இப்பகல், இவ்விரவு, ஒரு பக்ஷம், ஒரு மாதம், ஒரு பருவம், ஓர் அயனம் என எல்லையிட்டு, அக்காலத்துள் இன்னின்ன உடை, இன்னின்ன அணி, இன்னின்ன ஊர்தி போதும் என்று நியமம் கொள்ளச் சொல்கிறது. துணிச்சந்தையும் பருவம் பார்த்தே நடக்கிறது. கோடைக்கு ஒரு வரிசை, மழைக்கு ஒன்று, திருமண மாதங்களுக்கு ஒன்று, பண்டிகைக்கு ஒன்று. இப்போது வாரத்துக்கு ஒன்று. பருவந்தோறும் அவர்கள் கூட்டுகிறார்கள். பருவந்தோறும் குறைக்கச் சொல்லிற்று நம் நூல்.

மிகுபொருள் விரும்பாமைக்கு வரும் குற்றங்களுள் ஒன்றாக அதிவிஸ்மயத்தையும் ஆசாரியர் எண்ணினார். பிறரிடம் உள்ள மிகுதியைக் கண்டு அளவிறந்து வியத்தல் என்பது பொருள். இளமையில் இதனைப் படித்தபோது, வியப்பதும் ஒரு குற்றமா என்று நாம் நகைத்ததுண்டு. கையகலக் கண்ணாடியில் பிறர் உடுத்தியதைப் பார்த்துப் பார்த்து வியக்கவும், வியந்த அக்கணமே விரலால் தொட்டு வாங்கவும் வழி செய்திருப்பதைக் கண்டபின் இப்போது நகைக்கத் தோன்றவில்லை. உமாசுவாமி ஆசாரியர் பற்றையே பரிக்கிரகம் என்றார். தத்துவார்த்த சூத்திரத்தில் அளவு மீறலுக்குரிய பொருள்களுள் குப்பியம் என ஒன்று வரும். பூஜ்யபாதர் அதற்கு உரை காணும்போது நாரிழைத் துணி, பருத்தித் துணி, பட்டுத் துணி முதலியவற்றைக் குறித்தார். நிலமும் வீடும் பொன்னும் வெள்ளியும் அமர்ந்த வரிசையில் துணிக்கும் இருக்கை உண்டு. நம்மில் விரதம் கொண்ட பெரியோர் நிலத்துக்கும் பொன்னுக்கும் எல்லை கூறக் கேட்டிருக்கிறோம். துணிக்கு எண்ணிக்கை கூறக் கேட்டது அரிது.

எண்ணிக்கை ஏன் இத்துணை முதன்மை பெறவேண்டும் எனின், பட்டை விலக்கிய பின்னும் இம்சை நம்மை விட்டு அகல்வதில்லை. பருத்தி தூயது என்று பேத்தி எண்ணினாள். நாமும் அவ்வாறே எண்ணியிருந்தோம். காய்ப்புழுவைக் கொல்லத் தெளிக்கும் மருந்தில் மடியும் உயிர்களுக்குக் கணக்கில்லை. அவற்றோடு, மருந்து தெளிக்கும் உழவனின் உடல்நலமும் கெடுகிறது. பாலியெஸ்டரோ நிலத்தடி எண்ணெயிலிருந்து வருவது, புழு மடியவில்லை. ஆனால் துவைக்குந்தோறும் அதிலிருந்து உதிரும் நுண்ணிழைகள் நீரோடு சென்று ஆற்றையும் கடலையும் அடைகின்றன. எளிதில் மக்குவதும் இல்லை. ஆகவே இம்சையே இல்லாத துணி என ஒன்றைத் தேடி அலைந்தால் திகம்பரத்தில்தான் சென்று முடியும். முனிவர் அதனைக் கண்டே துறந்தனர். துறக்க இயலாத நமக்கு எஞ்சியுள்ள வழி, கொலையை நாடிச் செய்யும் துணியை விலக்குவதும், ஏனையவற்றை எண்ணி வாங்குவதும்.

இங்கே ஒரு செய்தியை விரித்துரைக்க விரும்புகிறோம். நம் பெண்மணிகள் நீரைத் துணியால் வடிகட்டிய பின்னரே பயன்படுத்துவர். நீரையே உடலாகக் கொண்ட உயிர்களையும், நீரில் வாழும் உயிர்களையும் பேணும் ஒழுக்கம் அது. இரட்டையாக மடித்த வெண்துணி, வடிகட்டிய பின் துணியில் தங்கியவற்றை மீண்டும் நீர்நிலையிலேயே சேர்க்கும் பொறுமை ஆகியவற்றை எம் அன்னையாரிடம் கண்டிருக்கிறோம். அவ்வடிகட்டும் துணிக்குச் சாயம் கிடையாது. நாம் உடுத்தும் துணிக்குச் சாயம் உண்டு. அச்சாயம் எங்கே செல்கிறது?

வெள்ளியங்கிரி மலையில் தோன்றிக் கோவை, திருப்பூர் வழியாக ஓடிக் காவிரியில் கலக்கும் நொய்யலை அறிவோம். நாட்டின் பின்னலாடை ஏற்றுமதியில் பாதிக்கு மேல் அளிக்கும் ஊர் திருப்பூர். அவ்வாற்றின் குறுக்கே உழவுப் பாசனத்துக்கென 1992இல் ஒரத்துப்பாளையம் அணை பயன்பாட்டுக்கு வந்தது. சில ஆண்டுகளிலேயே அதில் தேங்கியது சாயக்கழிவு. பாசனத்துக்குக் கட்டிய அணையைத் திறக்க வேண்டா என்று உழவரே தடுக்க நேர்ந்தது. கிணறுகள் உவர்த்தன. உழவர்கள் நீதிமன்றம் சென்றனர். 2011 சனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் சாய ஆலைகளை மூடுமாறு ஆணையிட்டது. அதன்பின் கழிவுநீரைத் தூய்மை செய்து மீண்டும் பயன்படுத்தி, ஒரு துளியும் வெளிவிடாத முறை அங்கே வேரூன்றியது. தொழில் முனைவோர் பெரும்பொருள் செலவிட்டு அதனை நிறைவேற்றியதைப் பாராட்டாதிருத்தல் அறமன்று. ஆனால் அச்செலவைச் செய்யாத இடங்களிலிருந்தும் துணி வருகிறது. அது மலிவாகவும் இருக்கிறது. 299 ரூபாய்க்குச் சட்டை கிடைக்கும்போது, மீதிப் பணத்தை எந்த ஆறு செலுத்தியது, எந்தத் தையற்கூடத்துப் பெண் செலுத்தினாள் என்று கேட்காமல் நாம் வாங்குகிறோம். 2013 ஏப்ரல் 24 அன்று வங்கதேசத்தின் சவாரில் ராணா பிளாசா என்னும் கட்டடம் இடிந்து 1,100க்கு மேற்பட்ட தையல் தொழிலாளர் மடிந்தனர். முதல்நாளே சுவரில் விரிசல் கண்டும் மறுநாள் வேலைக்கு வரவைக்கப்பட்டவர்கள் அவர்கள். ஐயறிவுக்கு மேல் மனமும் உடைய உயிர்கள். காலையில் ஒரு குடம் நீரை வடிகட்டிவிட்டு, மாலையில் ஓர் ஆற்றைக் கெடுத்த துணியை உடுத்தினால் நம் கணக்கு எவ்வாறு நேராகும்?

நெசவாளர் நிலை யாது என்று கேட்போர் உளர், கேட்கத்தான் வேண்டும். ஆரணியிலும் காஞ்சிபுரத்திலும் பட்டுத்தறியை நம்பி வாழும் குடும்பங்கள் நமக்கு அயலார் அல்லர். நம் ஊர்களுக்குப் பக்கத்து ஊரார். பட்டை விலக்குக என்று சொல்லிவிட்டு அவர்தம் அடுப்பை அணைப்பதும் ஓர் இம்சை. கைத்தறிப் பருத்திக்கு நாம் தரும் விலையைப் பட்டுக்குத் தரும் மனத்தோடு தருவோமா என்பதே அதற்குரிய சோதனை. முகூர்த்தப் பட்டுக்கு முப்பதாயிரம் பேரம் பேசாது கொடுப்பவர், இரண்டாயிரம் ரூபாய்ப் பருத்திச் சேலைக்கு இருநூறு குறைக்கச் சொல்வதை நாம் கண்டிருக்கிறோம், நாமும் செய்திருக்கிறோம். தறிக்கு உயிர் கொடுப்பது இழையின் வகை மட்டுமன்று. நெய்தவர்க்குச் சேரும் கூலியும் கூட. துணி வாணிகத்தில் உள்ள நம் அன்பர்களுக்கும் இதனால் இழப்பு வரலாம். நம்மவர் இதழ்களின் அட்டையில் துணிக்கடை விளம்பரம் வருவதும், அதனால் இதழ் நடப்பதும் நாம் அறியாதன அல்ல. அதனால் கூறாதிருக்கலாமா?

திருமணம் இனிதே நிறைவேறியது. மணப்பெண் சிவப்புக்கரை இட்ட கைத்தறிப் பருத்திச் சேலை உடுத்தி மணமேடையில் அமர்ந்தாள். சம்பந்தி வீட்டு முதிய அம்மையார் ஒருவர் விரலால் தொட்டுப் பார்த்து, "பருத்தியா?" என்று மட்டும் கேட்டார். அவ்வொரு சொல்லில் எத்தனை பொருள் இருந்ததென்று பெண்ணைப் பெற்றவர்களுக்குத்தான் தெரியும். அவள் அன்னையாரின் கண்கள் ஒரு நொடி கலங்கியதையும் நாம் கண்டோம். சமூகத்தின் முன் தலைகுனிய நேருமோ என்னும் அச்சம் சிறிதன்று. உபதேசம் செய்வோர் அதனை எளிதாகத் தாண்டிவிடக் கூடாது. திருமணத்துக்குப் பின் அப்பெண் தன் எழுபத்தாறில் முப்பதை நிறுத்திக்கொண்டாள். விலைச் சீட்டுள்ள ஒன்பதையும் ஊரிலுள்ள பெண்களுக்கு அளித்தாள். எஞ்சியவற்றைப் பிறர்க்குக் கொடுப்பதும் ஒரு வகையில் நம் குப்பையை அவர்கள் வாயிலில் கொட்டுவதுதானே என்று அவளே கேட்டுவிட்டு, கிழியும்வரை வீட்டில் உடுத்துவதென முடிவு செய்தாள். ஓர் அயனத்துக்குப் புதுத்துணி இல்லை என்று நியமமும் கொண்டாள். ஆடி பிறந்ததும் முடியும். பிறகு என்ன செய்வாள் என்பதை அவள் கூறவில்லை, நாமும் கேட்கவில்லை.

எம் அண்ணியாரின் வழக்கு இதனினும் கடினமானது. அவர் பெட்டியில் ஒன்பது பட்டுச் சேலைகள் உள்ளன. அவற்றுள் ஒன்று 1961இல் அவர் மணமேடையில் உடுத்திய அரக்குப் பட்டு. இனிப் பட்டு வாங்குவதில்லை என அவரும் விரதம் கொண்டுவிட்டார். ஆனால் இருப்பதை என் செய்வது? உடுத்தினால், காண்போர்க்கு ஆசை மூட்டி உடன்பாட்டு வினை சேருமோ? சரிகைக்காக விலைக்குப் போட்டால், அப்பணம் எதன் பணம்? எரித்துவிட்டால், மடிந்த உயிர்கள் மீளுமோ? அன்று வாங்கியவரின் அறியாமைக்கு இன்று அறிந்தவர் எவ்வாறு ஈடு செய்வது? கற்றறிந்த பண்டிதர் ஒருவரைக் கேட்டோம். அவர் நெடுநேரம் எண்ணியிருந்து, "உடுத்தினால் உள்ளத்தில் என்ன எழுகிறது என்று அவரையே பார்க்கச் சொல்லுங்கள்" என்றார். அண்ணியார் அதனைக் கேட்டு, "எடுத்துப் பார்த்தாலே என் மாமியார் நினைவு வருகிறது, அது பற்றா, நன்றியா என்று எனக்குத் தெரியவில்லை" என்றார்.

சேலை பெட்டியிலேயே இருக்கிறது. வரும் தசலட்சண பர்வத்தில், உத்தம ஆகிஞ்சன்ய நாளன்று தம் முடிவைக் கூறுவதாகச் சொல்லியிருக்கிறார். அதுவரை அதைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கலாகாது என்பது அவர் கட்டளை.